வேலை போகவில்லை, சம்பளம்தான் வரவில்லை: ரஷ்யாவின் ஒற்றை ஆலை நகரங்கள் 1990களில் பிழைத்த விதம்

சோவியத் யூனியன் உடைந்த பிறகு ரஷ்யர்கள் எப்படி வாழ்ந்தார்கள் என்று கேட்டால் பொதுவாக இரண்டு பதில்கள் வரும். எல்லோரும் வோட்காவைக் குடித்துவிட்டு மாஃபியாவுக்குப் பயந்து கிடந்தார்கள் என்பது ஒன்று. குளிரையும் போரையும் பார்த்த மக்கள், எதையும் தாங்குவார்கள் என்பது இன்னொன்று. சோவியத் தூதரகம் தமிழில் வெளியிட்ட 'சோவியத் நாடு' பத்திரிகை வீட்டுக்கு வந்த காலத்தில் வளர்ந்தவர்கள் இரண்டாவதை அதிகம் சொல்வார்கள். இரண்டுமே ஒரு சாதாரண ஆலைத் தொழிலாளியின் வீட்டில் அடுப்பு எப்படி எரிந்தது என்பதைச் சொல்வதில்லை.

அதைப் புரிந்துகொள்ள ஒரு புதிரிலிருந்து தொடங்குவோம். 1990க்கும் 1998க்கும் இடையில் ரஷ்யாவின் மொத்த உற்பத்தி ஏறக்குறைய 40 விழுக்காடு சரிந்தது. ஒரு நாட்டின் உற்பத்தி இவ்வளவு விழுந்தால், கோடிக்கணக்கானவர்கள் வேலை இழந்து தெருவில் நிற்க வேண்டும். ஆனால் மிக மோசமான 1998-லும் வேலையின்மை 13 விழுக்காடு அளவில்தான் இருந்தது. அதே ஆண்டில், வேலையில் இருந்தவர்களில் பாதிக்கும் மேற்பட்டோருக்குச் சம்பளம் பாக்கி. பலருக்குப் பல மாதச் சம்பளம் வரவில்லை.

வேலை இருக்கிறது, சம்பளம் இல்லை. ஆலை நஷ்டத்தில் ஓடுகிறது, ஆனால் மூடப்படவில்லை. இது எப்படி நடக்கும்? ஆட்களை வெளியே அனுப்பியிருக்கலாமே, அல்லது ஆட்களே வெளியே போயிருக்கலாமே? இந்தக் கேள்விக்குப் பதில் தெரிந்தால் மற்றதெல்லாம் தானாகப் புரியும்.

## ஒற்றை ஆலை நகரம் என்றால் என்ன?

நெய்வேலியை நினைத்துக்கொள்ளுங்கள். வீடு நிறுவனத்துடையது, ஆஸ்பத்திரி நிறுவனத்துடையது, தண்ணீர், தெருவிளக்கு எல்லாம் நிறுவனம் பார்த்துக்கொள்வது. (அங்கே முதல் அனல்மின் நிலையமே சோவியத் உதவியோடு கட்டப்பட்டதுதான்.) இப்போது அந்த நிறுவனத்தில் ஒரு நாள் பணம் நின்றுபோகிறது என்று வைத்துக்கொள்வோம். சம்பளம் மட்டும் நிற்காது. ஊரே நின்றுவிடும்.

ரஷ்யாவில் இப்படிப்பட்ட ஊர்கள் நூற்றுக்கணக்கில் இருக்கின்றன. இவற்றை 'மோனோகோரத்' என்பார்கள், அதாவது ஒரே தொழிலை நம்பி நிற்கும் நகரம். 2014-ல் அரசு அதிகாரபூர்வமாகப் பட்டியல் போட்டபோது வைத்த அளவுகோல், ஊரில் வேலை செய்பவர்களில் ஐந்தில் ஒருவராவது ஒரே நிறுவனத்தைச் சார்ந்திருக்க வேண்டும் என்பது. முந்நூறுக்கும் மேற்பட்ட ஊர்கள் அதில் சேர்ந்தன. 1990களில் பல ஊர்களின் நிலைமை இந்த ஐந்தில் ஒன்றைவிட எவ்வளவோ மோசம்.

சோவியத் காலத்தில் ஆலை என்பது வெறும் வேலையிடம் கிடையாது. மழலையர் பள்ளி ஆலையின் கணக்கில் ஓடியது. தொழிலாளர் குடியிருப்பு, மருத்துவமனை, கோடை விடுமுறை முகாம், கலாசார மாளிகை, கால்பந்து மைதானம் எல்லாம் அப்படித்தான். குளிர்காலத்தில் வீடுகளைச் சூடாக்கும் வெந்நீர்கூடப் பல ஊர்களில் ஆலையின் கொதிகலனிலிருந்துதான் குழாய்வழியே வந்தது. ஜனவரியில் மைனஸ் 20 டிகிரிக்குப் போகும் ஊரில் இதற்கு என்ன அர்த்தம் என்று சொல்ல வேண்டியதில்லை.

உதாரணத்துக்கு ஒரே ஓர் ஊரை எடுத்துக்கொள்கிறேன்: கூஸ் ஹ்ருஸ்தால்னி. விளாதிமிர் மாகாணத்தில், காடும் மணலும் நிறைந்த பகுதியில் இருக்கிறது. 1756-ல் அக்கிம் மால்த்சோவ் என்ற வணிகர் கூஸ் ஆற்றங்கரையில் கண்ணாடி ஆலை தொடங்கினார். மணல் கண்ணாடிக்கு, மரம் உலைக்கு. ஆலையைச் சுற்றி ஊர் வளர்ந்தது. சோவியத் காலத்தில் இங்கே செய்த செதுக்குவேலைப்பாடு கொண்ட கிரிஸ்டல் கிண்ணமும் பூச்சாடியும் நாடெங்கும் கல்யாணப் பரிசாகப் போயின. ரஷ்ய வீடுகளில் வரவேற்பறைச் சுவரை அடைத்து நிற்கும் கண்ணாடி அலமாரியில், எடுத்துப் பயன்படுத்தாமல் பார்வைக்கு வைத்திருப்பார்களே, அந்தப் பொருள்தான்.

## 1992 ஜனவரி

1992 ஜனவரி 2 அன்று அதிபர் யெல்ட்சினின் அரசு பெரும்பாலான பொருட்களின் விலைக் கட்டுப்பாட்டை நீக்கியது. திட்டத்தின் மூளை துணைப் பிரதமர் யேகோர் கைதார். கட்டுப்பாட்டு விலையில் கடைகள் காலியாகக் கிடந்தன. விலையைச் சந்தையிடம் விட்டால் பொருள் வரும் என்பது கணக்கு. பொருள் வரத்தான் செய்தது. விலையும் வந்தது. ஆண்டுத் தொடக்கத்தில் 100 ரூபிளுக்கு வாங்கியதை ஆண்டு முடிவில் வாங்க ஏறக்குறைய 2,600 ரூபிள் தேவைப்பட்டது.

கார் வாங்கவோ கடைசிக் காலத்துக்கோ என்று அரசு சேமிப்பு வங்கியில் போட்டு வைத்திருந்த பணம் சில மாதங்களில் ஒன்றுமில்லாமல் ஆனது. யாரும் திருடவில்லை. வங்கிப் புத்தகத்தில் எண் அப்படியே இருந்தது.

ஒரு வீட்டுக்கு இது முதல் அடி. சேமிப்பு போனபிறகு கையில் இருப்பது மாதச் சம்பளம் மட்டும்தான். அதுவும் நிற்கத் தொடங்கியது அடுத்த அடி.

## பணம் எங்கே போனது?

இந்தப் பகுதிதான் அதிகம் தவறாகப் புரிந்துகொள்ளப்படுகிறது. 'முதலாளிகள் கொள்ளையடித்தார்கள், அதனால் சம்பளம் இல்லை' என்று ஒரே வரியில் முடித்துவிடுவார்கள். கொள்ளை நடந்தது உண்மை. ஆனால் கொள்ளையடிக்காத ஆலையிலும் சம்பளம் வரவில்லை. ஏன் என்று பார்க்க வேண்டும்.

கண்ணாடி ஆலைக்கு எரிவாயு வேண்டும். எரிவாயு நிறுவனத்துக்கு ஆலை பணம் பாக்கி வைக்கிறது. எரிவாயு நிறுவனம் அரசுக்கு வரி பாக்கி வைக்கிறது. வரி வராததால் அரசு தன் ராணுவத்துக்கும் பள்ளிக்கும் ஆஸ்பத்திரிக்கும் பணம் தருவதில்லை. ராணுவம், தனக்குப் பொருள் கொடுத்த ஆலைகளுக்குப் பணம் தருவதில்லை. அந்த ஆலைகள் தங்கள் மின்கட்டணத்தைக் கட்டுவதில்லை. சுற்றி வந்துவிட்டோம். எல்லோரும் எல்லோருக்கும் பாக்கி. இதைத்தான் 'கொடாமைச் சங்கிலி' என்கிறேன்: கடன்காரனும் கடன் கொடுத்தவனும் ஒரே ஆளாக இருக்கும் நிலை.

சாதாரணமாக இந்தச் சங்கிலியை அறுப்பது திவால் சட்டம். கட்ட முடியாதவன் கடையை மூடுவான். ஆனால் ஒற்றை ஆலை நகரத்தில் ஆலையை மூடினால் ஊர் குளிரில் உறைந்துவிடும். அதனால் ஆளுநரும் மூட விடமாட்டார், எரிவாயு நிறுவனமும் குழாயை முழுதாக அடைக்க முடியாது. பாக்கி ஏறிக்கொண்டே போகும்.

இதற்கு மேல் ஒரு வேடிக்கையான சிக்கலும் இருந்தது. வரி பாக்கி வைத்த நிறுவனத்தின் வங்கிக் கணக்கில் எந்தப் பணம் விழுந்தாலும் முதலில் வரித்துறை எடுத்துக்கொள்ளும். அப்படியென்றால் ஆலை இயக்குநர் என்ன செய்வார்? கணக்கில் பணமே விழாமல் பார்த்துக்கொள்வார். கண்ணாடிக்குப் பணம் வாங்குவதைவிட, கண்ணாடிக்குச் சிமென்ட் வாங்குவது, சிமென்ட்டைக் கொடுத்து டீசல் வாங்குவது அவருக்கு லாபம். பண்டமாற்று என்பது ஏதோ கற்காலத்துக்குத் திரும்பியதுபோல எழுதுகிறார்கள். உண்மையில் அது வரித்துறைக்குத் தப்ப நன்றாக யோசித்துச் செய்த ஏற்பாடு. 1998 வாக்கில் ரஷ்யத் தொழில் நிறுவனங்களின் விற்பனையில் ஏறக்குறைய பாதி பண்டமாற்றாக நடந்தது.

வங்கிகள் கடன் கொடுத்திருக்கலாமே என்றால், அவற்றுக்கு அந்த அவசியம் இருக்கவில்லை. அரசே குறுகிய காலக் கடன் பத்திரங்களை மிக அதிக வட்டிக்கு விற்றுக்கொண்டிருந்தது. அரசுக்குக் கொடுத்தால் கொழுத்த வட்டி கிடைக்கும்போது, கண்ணாடி ஆலைக்குக் கடன் கொடுக்க எந்த வங்கிக்காரன் வருவான்?

இதுவரை பார்த்ததைச் சுருக்கினால்: ஆலை ஓடுகிறது, பொருள் வருகிறது, ஆனால் பணம் என்ற சாமான் மட்டும் ஆலைக்குள் நுழைவதே இல்லை. அப்புறம் சம்பளத்தை எதில் கொடுப்பது?

## சம்பளமாகக் கண்ணாடி

இருப்பதில்தான் கொடுக்க முடியும். கண்ணாடி ஆலையில் கண்ணாடி, துணி ஆலையில் துணி.

பணம் வராத பொருளை ஏன் செய்துகொண்டே இருந்தார்கள் என்று கேட்கலாம். கண்ணாடித் தொழிலில் அதற்கு ஒரு தனிக் காரணம் உண்டு. பெரிய கண்ணாடி உலையை ஒருமுறை மூட்டினால் வருடக்கணக்கில் அணைக்கமாட்டார்கள். அணைத்து ஆறவிட்டால் உள்ளே கண்ணாடி உறைந்து, உலையின் உட்சுவர் விரிசல் விடும். திரும்பக் கட்டுவதற்கு ஆகும் செலவில் ஆலையே போய்விடும். உலை எரிந்தால் கண்ணாடி வந்துகொண்டே இருக்கும். கிடங்கு நிறைந்தால் அடுத்த வழி தொழிலாளியின் பை.

மாதக் கடைசியில் ஒரு குடும்பத்துக்குப் பெட்டி பெட்டியாகக் கிண்ணமும் கோப்பையும் வரும். அதை உள்ளூரில் விற்க முடியாது. பக்கத்து வீட்டிலும் அதே கிண்ணம், எதிர்வீட்டிலும் அதே கிண்ணம். ஊர் முழுக்க ஒரே பொருளை வைத்திருக்கிறது, வாங்க ஒருவரிடமும் காசு இல்லை. ஆகவே பொருளை ஊருக்கு வெளியே சுமக்க வேண்டும்.

கூஸ் ஹ்ருஸ்தால்னி வட்டாரத்தில் வெகோவ்கா என்றொரு ரயில் நிலையம் உண்டு. மாஸ்கோவிலிருந்து கிழக்கே போகும் நெடுந்தூர ரயில்கள் அங்கே சற்று நேரம் நிற்கும். ரயில் நின்றவுடன் நடைமேடை கண்ணாடிக் கடையாகிவிடும். பூச்சாடியை ஒன்றோடொன்று தட்டிச் சத்தம் காட்டியபடி, பையையும் பெட்டியையும் தூக்கிக்கொண்டு ஜன்னல் ஜன்னலாக ஓடுவார்கள். சரவிளக்கையே தோளில் மாட்டிக்கொண்டு நிற்பவர்களும் உண்டு. பயணிக்கு நிமிடங்கள்தான் இருக்கின்றன, விற்பவருக்கும் அவ்வளவுதான், அதனால் பேரம் வேகமாக முடியும். ரயில் போனதும் அடுத்த ரயிலுக்குக் காத்திருப்பு. ராத்திரி ரயில்களுக்கும் இதே கூட்டம்தான்.

இங்கே ஒரு நுணுக்கம் கவனிக்க வேண்டும். ஆலை, பொருளைத் தன் விலைப்பட்டியல்படி கணக்கிட்டுச் சம்பளத்தில் கழித்துக்கொள்ளும். நடைமேடையில் கிடைப்பது அதைவிடக் குறைவாக இருந்தால், அந்த வித்தியாசம் தொழிலாளி தலையில். அதாவது ஆலையின் விற்பனைப் பிரிவு செய்ய வேண்டிய வேலையையும், அதன் நஷ்டத்தையும் சேர்த்து உலைக்காரரின் குடும்பம் சுமந்தது. 'கண்ணாடியாவது கொடுத்தார்களே' என்று சிலர் எழுதும்போது எனக்கு எரிச்சல் வருவது இதனால்தான்.

இவானோவோ கதையும் இதன் உறவுதான். மாஸ்கோவுக்கு வடகிழக்கே இருக்கும் பழைய நெசவு நகரம் அது. ஆலைகளில் பெண்களே அதிகம் என்பதால் 'மணப்பெண்களின் நகரம்' என்று பெயர். பருத்தி மத்திய ஆசியாவிலிருந்து வந்துகொண்டிருந்தது. 1991-க்குப் பிறகு உஸ்பெகிஸ்தான் வேறு நாடு. பருத்தியை உலக விலைக்கு, டாலரில் வாங்க வேண்டியதாயிற்று. தறிகள் நின்றன. 1989-ல் 4,80,000 பேர் இருந்த நகரத்தில் 2021 கணக்கெடுப்பில் சுமார் 3,60,000 பேர்தான்.

## சரி, ஏன் வேலையை விடவில்லை?

சம்பளம் தராத இடத்துக்குத் தினமும் போவது பைத்தியக்காரத்தனமாகத் தெரியும். அவர்கள் கணக்கில் அப்படி இல்லை.

வேலையை விட்டால் பாக்கிச் சம்பளம் கிடைக்குமா என்பது சந்தேகம். வேலையில் இருப்பவருக்கே முதலில் கொடுப்பார்கள். அப்போது ரஷ்யாவில் ஒவ்வொரு தொழிலாளிக்கும் 'பணிப் புத்தகம்' இருந்தது. எந்த ஆலையில் எத்தனை ஆண்டு என்று பதிவாகும் சிறு கையேடு, பின்னாளில் ஓய்வூதியத்துக்கு ஆதாரம். உலை முன்னால் நிற்பது போன்ற கடின வேலையில் குறிப்பிட்ட ஆண்டுகள் முடித்தால் சீக்கிரமே ஓய்வூதியம் கிடைக்கும். அதற்கு இன்னும் இரண்டு ஆண்டுதான் இருக்கும்போது யார் விடுவார்கள்? குழந்தை ஆலையின் மழலையர் பள்ளியில் இருக்கிறது. தங்கியிருப்பது ஆலையின் விடுதியாக இருக்கலாம். ஆலையில் வெல்டிங் மெஷின் இருக்கிறது, லாரி இருக்கிறது, பலகை இருக்கிறது. மேலதிகாரி கண்ணை மூடிக்கொண்டால் அவையெல்லாம் வெளியே செய்யும் சில்லறை வேலைக்கு உதவும்.

வெளியூர் போகலாமே என்றால், அங்கேதான் வீடு குறுக்கே வருகிறது. 1991 சட்டப்படி, குடியிருந்தவர்கள் தங்கள் அடுக்குமாடி வீட்டை இலவசமாகவே சொந்தமாக்கிக்கொள்ள முடிந்தது. கேட்க நல்ல செய்தி. ஆனால் ஆலை தள்ளாடும் ஊரில் வீட்டை யார் வாங்குவார்கள்? மூன்று அறை வீட்டை விற்ற காசில் மாஸ்கோவில் ஓர் அறைகூட வராது. சொத்து கையில் இருக்கிறது, அதுவே காலைக் கட்டிப்போடுகிறது. ஆர்க்டிக் வட்டத்துக்கு மேலே இருக்கும் நிலக்கரி நகரம் வோர்குதாவில் இது பிற்பாடு உச்சத்துக்குப் போனது. சும்மா கொடுத்தாலும் வீட்டை வாங்க ஆள் வராத நிலை.

ஆலை நிர்வாகம் ஏன் ஆட்களை நீக்கவில்லை என்பதற்கும் இப்போது பதில் சுலபம். நீக்கினால் சட்டப்படி சில மாதச் சம்பளத்தை இழப்பீடாக ரொக்கத்தில் தர வேண்டும். நீக்காமல் சம்பளத்தைத் தள்ளிப்போட்டால் ஒன்றும் தர வேண்டியதில்லை. அதிகம் போனால் 'கட்டாய விடுப்பு' என்று சம்பளமில்லாமல் வீட்டுக்கு அனுப்பலாம். ஆளைக் குறைப்பதைவிடச் சம்பளத்தைக் குறைப்பது இரண்டு தரப்புக்கும் அப்போதைக்குச் சுலபமாக இருந்தது. முதலில் சொன்ன புதிர் அவிழ்வது இங்கேதான்: நெருக்கடியின் பாரம் வேலையின் எண்ணிக்கையில் இறங்காமல் சம்பளத்தின் மதிப்பில் இறங்கியது.

போராடவில்லையா? போராடினார்கள். 1998 மே மாதத்தில் சுரங்கத் தொழிலாளர்கள் தண்டவாளத்தில் உட்கார்ந்து சைபீரிய ரயில் பாதையையே மறித்தார்கள். மாஸ்கோவில் அரசு மாளிகைக்கு வெளியே பாலத்தில் ஹெல்மெட்டைத் தட்டிக்கொண்டு மாதக்கணக்கில் கிடந்தார்கள். ஆனால் சுரங்கக்காரர்களிடம் மறிக்க ரயில் பாதை இருந்தது. கண்ணாடி ஆலையில் வேலைநிறுத்தம் செய்தால் யாருக்கு நஷ்டம்? கிடங்கு வழிகிற நேரத்தில் நிர்வாகத்துக்கு அது ஒரு நிம்மதி.

## ஒரு வீட்டின் வரவு

இப்போது வீட்டுக்குள் போகலாம். ஒரு வரவு நின்றதும் குடும்பங்கள் பல சின்ன வரவுகளாகப் பிரிந்துகொண்டன. இதில் அதிகம் பேசப்படுவது 'தாச்சா', ஊருக்கு வெளியே குடும்பத்துக்கென்று ஒதுக்கிய தோட்டமும் சிறு மரவீடும். பணக்காரரின் கோடை மாளிகை என்று நினைக்க வேண்டாம். சோவியத் காலத்தில் ஆலைகள் தொழிலாளருக்குப் பிரித்துக் கொடுத்த மனை 600 சதுர மீட்டர், நம் கணக்கில் 15 சென்ட்டுக்குச் சற்றுக் குறைவு. மே மாதத் தொடக்கத்து விடுமுறைகளில் முழுக் குடும்பமும் பஸ் ஏறிப் போய் உருளைக்கிழங்கு நடும். ஜூன், ஜூலையில் குழந்தைகள் கிழங்குச் செடியின் இலையைத் தின்னும் கொலராடோ வண்டைப் பொறுக்கி டப்பாவில் போடுவார்கள். ஆகஸ்டில் வெள்ளரியும் தக்காளியும் மூன்று லிட்டர் கண்ணாடி ஜாடிகளில் உப்புநீரில் இறங்கும். செப்டம்பருக்குள் கிழங்கு நிலவறைக்குப் போய்விட வேண்டும். அதன்பின் பனி.

1990களின் பிற்பகுதியில் ரஷ்யாவில் விளைந்த உருளைக்கிழங்கில் ஏறக்குறைய 90 விழுக்காடு இப்படிப்பட்ட வீட்டுத் தோட்டங்களிலிருந்து வந்தது. உலகின் மிகப்பெரிய டிராக்டர் ஆலைகளை வைத்திருந்த நாடு மண்வெட்டியால் வெட்டிய கிழங்கைத் தின்றது.

இதை வைத்து 'தோட்டம் காப்பாற்றியது' என்று உருகுவது பாதி உண்மைதான். தோட்டத்துக்கு பஸ் கட்டணம் வேண்டும், விதை வேண்டும், மண்ணைக் கொத்த உடம்பில் வலு வேண்டும், பகலில் நேரம் வேண்டும். தனியாகக் குழந்தையை வளர்த்த பெண்ணிடமோ நோயாளியிடமோ இவை இல்லை. நிலம் கிழங்கைத் தந்தது. செருப்பும் மருந்தும் தரவில்லை.

ரொக்கம் என்றால் பல வீடுகளில் பாட்டியின் ஓய்வூதியம்தான். அதுவும் சில சமயம் தாமதமாகும், ஆனாலும் ஆலைச் சம்பளத்தைவிட நம்பகமானது. மகன் பொறியாளர், மருமகள் ஆலைக் கணக்கர், வீட்டின் ஒரே காசு 75 வயதுக் கிழவியுடையது. இது விதிவிலக்கு அல்ல, சாதாரணம்.

சட்டைப் பையில் காசு வர இன்னொரு வழி வியாபாரம். 1992 ஜனவரி கடைசியில் வந்த ஓர் ஆணை யார் வேண்டுமானாலும் எங்கே வேண்டுமானாலும் பொருள் விற்கலாம் என்றது. மறுநாளிலிருந்து நகரங்களின் நடைபாதைகளில் வரிசை. ஒரு கையில் கம்பளிக் காலுறை, இன்னொன்றில் பால் பாக்கெட்டு. கொஞ்சம் துணிந்தவர்கள் 'செல்னோக்' ஆனார்கள். வெளிநாடு போய்ப் பை நிறையச் சரக்கு வாங்கி வந்து உள்ளூர்ச் சந்தையில் விற்கும் தனிநபர் வியாபாரி. போலந்துக்கும் சீனாவுக்கும் போனார்கள். துருக்கியில் இஸ்தான்புலின் லாலேலி பகுதிக் கடைகள் இவர்களை நம்பியே ரஷ்ய மொழியில் பலகை வைத்தன. கட்டம் போட்ட பெரிய பிளாஸ்டிக் பை இவர்களின் அடையாளம்.

இவர்களில் கணிசமானோர் பெண்கள். ஆசிரியை, நூலகர், ஆய்வுக்கூட உதவியாளர். ஆண்கள் பெரும்பாலும் ஆலையை விடத் தயங்கினார்கள். 'நான் உலைக்காரன், ஆறாம் கிரேடு' என்று சொல்வதில் ஒரு கௌரவம் இருந்தது, சந்தையில் காலுறை விற்பதில் இல்லை. பெண்களுக்குப் பிள்ளைக்குச் சோறு போடும் அவசரம் கௌரவத்தைவிடப் பெரிதாக இருந்தது என்று நினைக்கிறேன்.

ஆக, ஒரு குடும்பம் ஐந்து கயிறுகளைப் பிடித்துக்கொண்டிருந்தது: ஆலைப் பெயர், கண்ணாடி, கிழங்கு, பாட்டியின் ஓய்வூதியம், சந்தை. எந்த ஒன்றையும் நம்பி மற்றதை விட முடியாது. இதைத்தான் 'சமாளித்தார்கள்' என்ற ஒரே சொல்லில் அடக்கிவிடுகிறோம்.

## பங்குச் சீட்டும் கல்லறையும்

நடுவில் ஒரு நகைச்சுவையும் நடந்தது. 1992 அக்டோபரிலிருந்து ஒவ்வொரு குடிமகனுக்கும் 10,000 ரூபிள் முகமதிப்புள்ள 'வவுச்சர்' கொடுத்தார்கள். அரசு ஆலைகளில் பங்கு வாங்க உதவும் சீட்டு. ஒரு வவுச்சர் இரண்டு வோல்கா காருக்குச் சமமாகும் என்றார் பொறுப்பாளர் அனத்தோலி சுபைஸ். விலைவாசி ஏறிய வேகத்தில் அது சில வோட்கா பாட்டில்களுக்குச் சமமானது. பலர் தெருவில் விற்றுவிட்டார்கள். பல ஆலைகளில் ஊழியர்கள் சேர்ந்து 51 விழுக்காடு பங்கை வாங்கிக்கொள்ளும் வழியைத் தேர்ந்தெடுத்தார்கள். சட்டப்படி பார்த்தால், தங்களுக்குச் சம்பளம் தராத முதலாளி அவர்களேதான். நடைமுறையில் ஆலை இயக்குநரின் கையில் சாவி.

எல்லோரும் தாங்கவில்லை. 1987-ல் 65 வயதை நெருங்கியிருந்த ரஷ்ய ஆண்களின் சராசரி ஆயுள் எதிர்பார்ப்பு 1994-ல் 57 அளவுக்கு விழுந்தது. போர் இல்லாத காலத்தில், படித்த தொழில்மய நாட்டில், இப்படி ஒரு வீழ்ச்சி அபூர்வம். மதுவும் மாரடைப்பும் முக்கியக் காரணங்கள். நடுத்தர வயது ஆண்கள்தான் அதிகம் போனார்கள். முன்பு சொன்ன அந்தக் கௌரவத்துக்கும் இதற்கும் தொடர்பு இருக்கலாம்.

## எப்போது மாறியது?

1998 ஆகஸ்ட் 17 அன்று அரசு தன் கடன் பத்திரங்களுக்குப் பணம் தர முடியாது என்று கைவிரித்தது. டாலருக்கு 6 என்றிருந்த ரூபிள் ஆண்டு முடிவில் 20-ஐத் தாண்டியது. இறக்குமதிப் பொருள் எட்டாத விலைக்குப் போனதால் உள்ளூர் ஆலைகளின் சரக்குக்குத் திடீரென்று வாங்குவோர் வந்தார்கள். 1999-லிருந்து எண்ணெய் விலையும் ஏறியது. பணம் சுழலத் தொடங்கியதும் பண்டமாற்று சில ஆண்டுகளில் காணாமல் போனது. சம்பளம் ரூபிளில் வந்தது.

ஒற்றை ஆலை நகரங்கள் மட்டும் அப்படியே இருந்தன. 2009 நெருக்கடியில் அது தெரிந்தது. லெனின்கிராத் மாகாணத்தின் பிகல்யோவோ அப்போது சுமார் 22,000 பேர் வாழ்ந்த ஊர். அங்கே மூன்று ஆலைகள், சோவியத் காலத்தில் ஒரே தொழிற்சாலையாக இருந்தவை. அலுமினா (அலுமினியத்தின் மூலப்பொருள்) ஆலையின் கழிவுதான் சிமென்ட் ஆலைக்கு மூலப்பொருள். தனியார்மயத்தில் மூன்றும் வெவ்வேறு முதலாளிகளிடம் போயின. விலைத் தகராறில் ஒன்று நின்றதும் மூன்றும் நின்றன. மே மாதம் ஊருக்கு வெந்நீர் நின்றுபோயிற்று. ஜூன் 2 அன்று மக்கள் நெடுஞ்சாலையை மறித்தார்கள். இரண்டு நாளில் அப்போதைய பிரதமர் புதின் நேரில் வந்து, தொலைக்காட்சிக் கேமரா முன்னால், அலுமினா ஆலையின் உரிமையாளரான கோடீஸ்வரர் ஒலெக் தெரிபாஸ்காவை ஒப்பந்தத்தில் கையெழுத்திட வைத்தார். கையெழுத்து முடிந்ததும் புதின் தன் பேனாவைத் திருப்பிக் கேட்டு வாங்கிக்கொண்டதுதான் எல்லோருக்கும் நினைவிருக்கிறது. நிலுவைச் சம்பளம் அன்றே வரத் தொடங்கியது என்பது அந்த ஊர்க்காரர்களுக்கு நினைவிருக்கும்.

கூஸ் ஹ்ருஸ்தால்னியில் பிரச்சினை வேறு வடிவத்தில் வந்தது. புதிய தலைமுறை அலமாரியில் கிரிஸ்டல் அடுக்குவதை விட்டுவிட்டது. 2012 தொடக்கத்தில் பழைய ஆலை நின்றது, அடுத்த ஆண்டு சிறிய அளவில் திரும்பத் தொடங்கியது. இன்று விளாதிமிர், இவானோவோ மாகாணங்களின் சிறு நகரங்களிலிருந்து ஏராளமானோர் மாஸ்கோவுக்கு முறைவைத்துப் போய் வருகிறார்கள். 15 நாள் அங்கே காவலாளியாகவோ கட்டட வேலையிலோ, அடுத்த 15 நாள் சொந்த வீட்டில். விற்க முடியாத அந்த வீட்டுக்கு மாஸ்கோ சம்பளத்தில் வெந்நீர்க் கட்டணம் கட்டுகிறார்கள், மே மாதத்தில் கிழங்கும் நடுகிறார்கள்.